துன்யாவின் கடைசிப் பந்து

ஜெர்மனிக்கு நான் போனது குழந்தையைக் குளிப்பாட்டத்தான். வாலிபால் பார்க்கப் போனேன் என்று எங்கள் பள்ளி ஸ்டாஃப் ரூமில் யாரோ கிளப்பிவிட்டிருக்கிறார்கள். அதுவும் முழுப் பொய் என்று சொல்லிவிட முடியாது.

தம்பி பிரபு மியூனிக் பக்கத்தில் கார்ஹிங்கில் இருக்கிறான். அங்கே பல்கலைக்கழகத்தை ஒட்டிய ஒரு கம்பெனியில் என்ஜினியர். அவனுக்கு மகள் பிறந்திருந்தாள். தம்பி மகள் என்றால் எனக்கு மருமகள். அம்மாவுக்கு விமானம் ஏற உடம்பு இடம் கொடுக்கவில்லை. எனக்குக் கோடை விடுமுறை. கரூர் பக்கம் ஓர் அரசுப் பெண்கள் பள்ளியில் பி.டி. டீச்சராக இருக்கிறேன். விசிலைப் பீரோவில் வைத்துப் பூட்டிவிட்டு, விளக்கெண்ணெயும் சுக்கும் கட்டிக்கொண்டு கிளம்பினேன்.

போய் இறங்கிய மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. தோசைக்குச் சட்னி அரைக்கலாம் என்று மிக்சியைப் போட்டேன். பிரபு பாத்ரூமிலிருந்து பல் தேய்க்கும் பிரஷ்ஷோடு ஓடிவந்தான்.

"அக்கா, ஆஃப் பண்ணு! இன்னிக்கு சண்டே. சத்தம் வந்தா கீழ் வீட்டு ஆன்ட்டி கம்ப்ளெயின்ட் பண்ணிடுவாங்க."

"சட்னி அரைச்சா கம்ப்ளெயின்ட்டா?"

"இங்க சண்டேன்னா சைலன்ஸ், அக்கா. டிரில்லிங், வாஷிங் மெஷின், மிக்சி எதுவும் கூடாது."

எங்கள் தெருவில் ஞாயிற்றுக்கிழமை காலை ஐந்து மணிக்கே ஒலிபெருக்கி கட்டுவார்கள் என்பதை நினைத்துக்கொண்டு, இட்லிப் பொடியை எண்ணெயில் குழைத்தேன்.

அன்று மாலை குழந்தையைத் தள்ளுவண்டியில் வைத்து நான், பிரபு, அவன் மனைவி மூன்று பேரும் நடக்கப் போனோம். ஒரு சிக்னலில் சிவப்பு விளக்கு. இரண்டு பக்கமும் ஒரு சைக்கிள்கூட இல்லை. நான் பாட்டுக்குக் கடந்துவிட்டேன். பின்னால் நின்ற ஒரு பெரியவர் பிரபுவிடம் ஏதோ சொன்னார். அவன் முகம் சிவந்துவிட்டது. என்னவென்று கேட்டேன். "குழந்தை பார்த்துக்கொண்டிருக்கும்போது இப்படிக் கடக்கலாமா" என்று கேட்டாராம். எங்கள் குழந்தை அப்போது கண்ணை மூடித் தூங்கிக்கொண்டிருந்தது. இந்த நாட்டில் நான் குப்பை கொட்ட முடியாது என்று அந்த இடத்திலேயே முடிவு செய்துவிட்டேன்.

துன்யாவின் செய்தி அன்று ராத்திரிச் சாப்பாட்டு நேரத்தில் வந்தது. நான் ஜெர்மனியில் இருப்பதை முதல் நாளே அவளுக்கு எழுதியிருந்தேன். பதில் இப்படி இருந்தது: "சனிக்கிழமை மாலை என் கடைசி ஆட்டம். முழங்கால் போதும் என்று சொல்லிவிட்டது. இந்த சீசன் முழுக்க பெஞ்சில்தான் இருக்கிறேன். கடைசி ஆட்டத்தில் ஒரு பந்துக்காவது இறக்குவதாகக் கோச் சொல்லியிருக்கிறார். வெளிநாட்டில் நான் அடித்த முதல் பந்தைத் தூக்கிக் கொடுத்தது நீ. கடைசிப் பந்தை நீ பார்க்க வேண்டும்."

இவளைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். துன்யா செர்பியாக்காரி. இருபது வருஷத்துக்கு முன்னால் அவர்கள் ஜூனியர் அணி சென்னைக்கு வந்து சில நட்பு ஆட்டங்கள் ஆடியது. நான் அப்போது கல்லூரி மாணவி, தமிழ்நாட்டு அணியில் லிஃப்டர். அதாவது, அடிக்கிறவளுக்குப் பந்தைத் தூக்கிக் கொடுக்கிறவள். வெள்ளைக்காரப் பெண்கள் முதல் நாளே வெயிலில் சுருண்டு விட்டார்கள். ஆள் குறைந்ததால் இரண்டு அணியையும் கலந்து ஆடவிட்டார்கள். என் பக்கம் வந்தவள் துன்யா. ஆறடிக்கு மேல் உயரம், மூக்கெல்லாம் தோல் உரிந்து பீட்ரூட் மாதிரி இருந்தாள். அவள் சொந்த நாட்டை விட்டு வெளியே வந்ததே அதுதான் முதல் தடவை.

அந்த ஆட்டத்தில் ஒரு பந்து கோட்டைத் தாண்டி வெளியே போய்க்கொண்டிருந்தது. நான் "விடு, விடு!" என்று கத்தினேன். துன்யா விடவில்லை. தலைதெறிக்க ஓடி, விழுந்து புரண்டு, பந்தை எடுத்துத் தொலைத்தாள். பாயிண்ட் போனது. மறுபடி ஒரு பந்து, மறுபடி "விடு!", மறுபடி ஓட்டம். எனக்குக் கோபம் தலைக்கேறியது. அவர்கள் மேனேஜர்தான் சிரித்துக்கொண்டே விளக்கினார். அவர்கள் பாஷையில் "விதி" என்றால் "பார்" என்று அர்த்தமாம். நான் விடச் சொல்ல, அவள் பந்தைப் பார்க்கச் சொல்வதாக நினைத்திருக்கிறாள். அன்று சாயங்காலம் அவளை மெரினாவுக்குக் கூட்டிப்போய் மிளகாய் பஜ்ஜி வாங்கிக் கொடுத்தேன். கண்ணில் தண்ணீர் வர வர நான்கு தின்றாள். அதிலிருந்துதான் சிநேகம்.

அதற்குப் பிறகு அவள் ஆடாத நாடு இல்லை. பெல்கிரேடில் தொடங்கி ருமேனியா, போலந்து, துருக்கி, அஜர்பைஜான், இத்தாலி என்று சுற்றினாள். சொந்த நாட்டு அணியில் இரண்டு கோடைகள் இருந்தாள். அவள் ஆடும் இடத்தில் அவளைவிடப் பெரிய ஆட்டக்காரி ஒருத்தி இருந்ததால் பெரும்பாலும் பெஞ்சில்தான் உட்கார்ந்தாள். கடைசியாக ஜெர்மனியின் இரண்டாம் வரிசை கிளப் ஒன்றுக்கு வந்து சேர்ந்தாள். புது ஊருக்குப் போனதும் எனக்கு ஒரு போட்டோ அனுப்புவாள். ஊரும் இருக்காது, அவள் முகமும் இருக்காது. ஆட்டக் கூடத்தின் கூரை மட்டும் இருக்கும். மேலே போன பந்தை அண்ணாந்து பார்க்கிறவளுக்குக் கூரையும் விளக்கும்தான் முதலில் பழக வேண்டும், அதனால் அப்படி. அவள் வாழ்க்கை எனக்குக் கூரை கூரையாகத்தான் தெரியும். நான் வெட்டவெளியில் ஆடி வளர்ந்தவள். பதிலுக்குப் பள்ளி மைதானத்து வானத்தை அனுப்புவேன்.

வெள்ளிக்கிழமை ரயில் ஏறினேன். துன்யாவின் ஊர் வுப்பர்டாலுக்குப் பக்கம். வுப்பர்டாலில் பிரபுவோடு வேலை செய்யும் நிரோஷனின் அப்பா அம்மா இருந்தார்கள். யாழ்ப்பாணத்துக்காரர்கள். அங்கே தங்கிக்கொள்ள ஏற்பாடு. பிளாட்பாரத்தில் பிரபு ஒரு எச்சரிக்கை கொடுத்தான்.

"அக்கா, அவங்ககிட்ட இங்கிலீஷ் கலந்து பேசாத. தமிழ்நாட்டுக்காரங்களுக்குத் தமிழே தெரியாதுன்னு கிண்டல் பண்ணுவாங்க. நிரோஷன் டெய்லி என்னை ஓட்டுறான். ப்ளீஸ், கொஞ்சம் ப்யூர் தமிழ்ல மேனேஜ் பண்ணு."

அவன் தமிழ் அந்த அழகில் இருந்தது. நான் மானத்தைக் காப்பாற்றுவதாக வாக்குக் கொடுத்தேன்.

வண்டி தாமதமாகத்தான் வந்தது. ஜெர்மன் ரயிலை வைத்துக் கடிகாரத்தையே சரி பார்க்கலாம் என்று எங்கள் கணக்கு வாத்தியார் சொல்வார். அவரைக் கூட்டிவந்து அந்தப் பிளாட்பாரத்தில் நிறுத்தியிருக்க வேண்டும். தாமதத்துக்குக் காரணம் ஒலிபெருக்கியில் சொன்னார்கள். பக்கத்தில் நின்ற பெண் எனக்கு ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தாள்: "இந்த ரயில் இதற்கு முந்தைய பயணத்தில் தாமதமானதால் இப்போதும் தாமதமாகிறது." எனக்கு அந்த விளக்கம் மிகவும் பிடித்திருந்தது. எங்கள் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தால் தினமும் உபயோகப்படும்.

பாதி வழியில் ஒரு காட்டுப் பக்கம் வண்டி நின்றே விட்டது. எதிர் சீட்டில் வயதான தம்பதி. கணவர் ஜன்னலைப் பார்த்து முணுமுணுத்துக்கொண்டே இருந்தார். மனைவி கேட்பதாக இல்லை. நான் எலுமிச்சை சாதம் டப்பாவைத் திறந்ததும் அந்த அம்மாள் மூக்கை உயர்த்தினாள். ஒரு கரண்டி நீட்டினேன். அவள் பதிலுக்கு அவித்த முட்டை ஒன்றும், சின்னக் காகிதத்தில் மடித்த உப்பும் கொடுத்தாள். கணவர் அரைகுறை ஆங்கிலத்தில் சொன்னார்: "நாற்பது வருஷமாக எனக்கு அவள் முட்டை கொடுத்ததில்லை. ரயில் நின்றதால் உனக்குக் கிடைக்கிறது." மனைவி அவர் தொடையில் ஒன்று வைத்தாள். எந்த ஊரானாலும் இந்தத் தம்பதிகள் ஒரே தம்பதிகள்தான்.

வுப்பர்டால் ஸ்டேஷனில் தவம் அண்ணை வந்து நின்றார். அறுபதை நெருங்கிய மனிதர், குட்டையான கட்டுடம்பு, கருவிகள் செய்யும் தொழிற்சாலையில் வேலை. ஆற்றுக்கு மேலே கம்பியைப் பிடித்துக்கொண்டு தலைகீழாகத் தொங்கிப் போகும் ரயிலைக் காட்டினார். "இது ஒருநாளும் ஸ்டவ்வில நிக்காது" என்றார். ஸ்டவ் என்றால் போக்குவரத்து நெரிசலாம்.

வீட்டில் வசந்தி அக்கா இடியப்பம், சொதி, மீன் குழம்பு, கத்தரிக்காய்ப் பொரியல் என்று மேசையை நிரப்பியிருந்தார்.

"வாங்கோ தங்கச்சி, நல்லாக் களைச்சுப் போனீங்கள் போல. முதல்ல சாப்பிடுங்கோ, பிறகு கதைப்பம்."

சொதியைக் குடித்ததும் பயணக் களைப்பு இறங்கிவிட்டது. தேங்காய்ப் பாலில் எங்கள் ஊரில் ஏன் இதைச் செய்வதில்லை என்று கேட்டேன். "உங்கட ஆக்கள் எல்லாத்துக்கும் சாம்பார் விடுறவை, பிறகு எங்க நேரம்?" என்றார் அக்கா. அந்த அடி நியாயமானதுதான்.

சாப்பிட்டு முடித்ததும் வந்த காரியத்தைச் சொன்னேன். பிரபுவுக்குக் கொடுத்த வாக்கு நினைவுக்கு வந்தது. ஒவ்வொரு வார்த்தையையும் அரித்து எடுத்துப் பேசினேன்.

"அண்ணா, என் தோழி ஒருத்தி பக்கத்து ஊரில் கைப்பந்து ஆடுகிறாள். நாளை மாலை அவளுடைய கடைசி ஆட்டம். பெண்கள் ஆட்டம்." கிளப்பின் பெயரையும் சொன்னேன்.

"ஓ, கைப்பந்தோ? அந்தக் கிளப்பெண்டால் எனக்குத் தெரியும், நிரோஷன்ர பள்ளிக்கூடக் கூட்டாளி அங்கதான் விளையாடினவன். நான் கொண்டுபோய் விடுறன்."

"அவள் மேப் அனுப்பியிருக்கிறாள் அண்ணா. மன்னிக்கவும், வரைபடம்."

"இந்த இடத்தில முப்பது வருசமா இருக்கிறன். எனக்கு என்னத்துக்குப் படம்? நீங்கள் யோசிக்காமப் படுங்கோ."

என் போன் வீட்டு வைஃபையில்தான் வேலை செய்யும், வெளியே போனால் வெறும் கடிகாரம். அவர் அவ்வளவு உறுதியாகச் சொன்ன பிறகு நான் மேப்பைத் திறக்கவே இல்லை.

மறுநாள் மாலை பெரிய ஆட்டக் கூடம் ஒன்றின் வாசலில் அண்ணை என்னை இறக்கிவிட்டார். துன்யாவின் கிளப் பெயர் பெரிதாக எழுதியிருந்தது. அவள் சொன்ன அதே பச்சை நிறம். அவர் கோயில் திருவிழாவுக்கு வாழையிலையும் பூவும் வாங்க டோர்ட்மண்ட் கடைக்குப் போய்வருவதாகச் சொல்லிவிட்டுக் கிளம்பினார். நான் உள்ளே போய் நல்ல இடமாகப் பார்த்து உட்கார்ந்தேன். துன்யா பெஞ்சிலிருந்து எழுந்து வரும்போது நன்றாகத் தெரிய வேண்டும்.

நெட் இன்னும் கட்டவில்லை. இரண்டு பக்கமும் சிவப்பு வெள்ளைக் கோடு போட்ட சட்டங்கள் மட்டும் இருந்தன. கம்பங்களை ஓரமாக வைத்திருக்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டேன். பக்கத்தில் கிளப் துண்டு போட்ட ஓர் அம்மாள் இருந்தாள். "துன்யா?" என்று கேட்டேன். அவள் முகம் மலர்ந்து, "தான்யா! நம்பர் ஏழு!" என்று கை காட்டினாள். ஏழாம் எண் பனியனில் குட்டையான ஒரு பெண் குதித்துக்கொண்டிருந்தது. வயதானால் மனிதர்கள் குறுகுவார்கள் என்று தெரியும். ஒன்றரை அடியா குறுகுவார்கள்?

விசில் அடித்தது. ஒருத்தி பந்தைத் தரையில் தட்டிக்கொண்டே ஓடி, அந்தச் சட்டத்துக்குள் விட்டெறிந்தாள். அதற்குள் நின்ற கோல்கீப்பர் கையையும் காலையும் விரித்துப் பாய்ந்தாள். கூட்டம் எழுந்து கத்தியது. நான் மட்டும் உட்கார்ந்திருந்தேன். பிறகு மெதுவாக விளங்கியது. இது ஹேண்ட்பால். கை, பந்து. கைப்பந்து.

"வாலிபால்?" என்று பக்கத்து அம்மாளிடம் கேட்டேன். அவள் முதலில் சிரித்தாள், பிறகு என் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்திக்கொண்டாள். ஒரே கிளப்தானாம், வாலிபால்காரர்கள் மலைக்கு அந்தப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்து ஹாலில் ஆடுவார்களாம். அவள் போனிலிருந்து அண்ணையை அழைத்தேன். அவர் டோர்ட்மண்ட் போய்ச் சேர்ந்திருந்தார்.

அவர் வரும்வரை வாசலில் நின்ற நேரம் இருக்கிறதே, அது யாருக்கும் வரக் கூடாது. துன்யா எந்த நிமிஷமும் உள்ளே இறக்கப்படலாம். இறங்கியதும் முதலில் கேலரியைப் பார்ப்பாள். என்னைத் தேடுவாள். நான் மலைக்கு இந்தப் பக்கம், பக்கத்து அம்மாள் கொடுத்து நான் பாதி தின்ற உப்பு ரொட்டியோடு நிற்கிறேன். எனக்கு அழுகை வந்தது. பிள்ளைகளைத் தாமதத்துக்காக மைதானம் சுற்றி ஓடவிட்ட பாவம் என்று நினைத்துக்கொண்டேன்.

கார் வந்து நின்றது. பின் சீட்டு முழுக்க வாழையிலை. அண்ணை கதவைத் திறக்கும்போதே தொடங்கிவிட்டார்.

"ஏன் தங்கச்சி, கரப்பந்தெண்டு சொல்லியிருந்தால் விளங்கியிருக்குமே?"

"கரப்பந்தா? கரம்னாலும் கைதானே அண்ணா?"

"இல்லை, கரப்பந்தெண்டால் வொலிபோல். கைப்பந்தெண்டால் ஹான்ட்போல்."

"எங்க ஊர்ல கைப்பந்துன்னாதான் வாலிபால். என் சர்டிபிகேட்லயே அப்படித்தான் அச்சடிச்சிருக்கு."

"அப்ப ஹான்ட்போலுக்கு என்ன சொல்லுவியள்?"

"ஹேண்ட்பால்னு சொல்லுவோம்."

அவர் ஒரு கணம் என்னைத் திரும்பிப் பார்த்தார். "வொலிபோல் எண்டு இங்கிலீசிலயே சொல்லியிருக்கலாமே" என்றார். சொல்லியிருக்கலாம். சின்ன வயசிலிருந்து வாலிபால் என்றே சொல்லி வந்தவள், தமிழ்ப்பற்று வந்த ஒரே ஒரு ராத்திரியில் இப்படி மாட்டிக்கொண்டேன்.

மலைப் பாதையில் ஒரு பாலத்தைப் பழுதுபார்க்க மூடியிருந்தார்கள். மஞ்சள் பலகையைப் பார்த்ததும் "உம்லைதுங்" என்று அண்ணை பல்லைக் கடித்தார். சுற்றிப் போக வேண்டும் என்று அர்த்தம். சுற்றுப் பாதையில் எல்லாக் கார்களும் வரிசையாக நின்றன. ஒருவரும் ஹாரன் அடிக்கவில்லை. எனக்கு அடிக்க வேண்டும் போலிருந்தது.

நெரிசலில் நின்றபோது அவர் ஸ்டியரிங்கைப் பார்த்துக்கொண்டே பேசினார்.

"எனக்கு உங்களை விட வெக்கமா இருக்கு, தங்கச்சி. ஏனெண்டால் நானே கரப்பந்து விளையாடின ஆள். பள்ளிக்கூடத்து டீம், பிறகு ஊர்க் கழகம். பின்னேரம் விளையாடி முடிஞ்சு நெற்றைக் கழட்டி எங்கட வீட்டதான் வைக்கிறது. ஒருநாள் அப்பிடித்தான் கழட்டி வச்சனாங்கள். அடுத்தநாள் விடிய ஆமியின்ர செல் அடி துவங்கீட்டுது. ஆக்கள் ஒவ்வொரு பக்கமாப் போயிட்டினம். பிறகு நானும் இஞ்ச வந்திட்டன். அந்த நெற் என்னவாப் போச்சுதெண்டே தெரியாது."

"அதுக்கப்புறம் ஆடவே இல்லையா அண்ணா?"

"எங்க? வந்த புதுசில இரவு வேலை. பிறகு பிள்ளையள். கடைசி மாட்ச் எண்டு தெரிஞ்சிருந்தால் அண்டைக்கு இன்னும் கொஞ்சம் நிண்டு விளையாடியிருப்பன்."

எனக்கும் அப்படித்தான் என்று சொன்னேன். என் கடைசி ஆட்டம் திருநெல்வேலியில், ஒரு பல்கலைக்கழகப் போட்டியின் அரையிறுதி. தோற்றோம். தோற்ற துக்கத்தில் ஆளுக்கு நாலு பரோட்டா தின்றுவிட்டு பஸ்ஸில் தூங்கிப்போனோம். அடுத்த மாதம் கல்யாணம் நிச்சயமானது, பிறகு பி.டி. படிப்பு, பிறகு வேலை. அன்று கழற்றி வைத்த முழங்கால் பட்டையை நான் மறுபடி போடவே இல்லை. ஆட வேண்டாம் என்று யாரும் என்னைத் தடுக்கவில்லை, நானும் சண்டை போடவில்லை. அப்படியே நின்றுவிட்டது. துன்யாவுக்காவது தெரிந்தே ஆடுகிற ஒரு கடைசி ஆட்டம் கிடைத்திருக்கிறது, அதைத்தான் பார்க்க வந்தேன். பாதையில் கார்கள் நகரத் தொடங்கின. அண்ணை வேகமாக ஓட்டினார்.

பள்ளிக்கூடத்து வாசலில் ஜனங்கள் வெளியே வந்துகொண்டிருந்தார்கள். பச்சைத் துண்டும் பீர் பாட்டிலுமாகப் பாட்டு. ஒருவரிடம் அண்ணை ஜெர்மனில் கேட்டார். "வெண்டிட்டினமாம். ஐஞ்சாவது செற்றில. இந்த வெற்றியாலதான் இந்த வரிசையிலயே தப்பி நிக்கினமாம்." எனக்குச் சந்தோஷமும் வயிற்றெரிச்சலும் ஒன்றாக வந்தன. அவ்வளவு பெரிய ஆட்டத்தைத் தவறவிட்டிருக்கிறேன்.

உள்ளே துன்யா தனியாக உட்கார்ந்திருந்தாள். பெஞ்சில், பெரிய பூங்கொத்தை மடியில் வைத்துக்கொண்டு. என்னைப் பார்த்ததும் எழுந்து வந்து, குனிந்து கட்டிக்கொண்டாள். இருபது வருஷத்தில் ஓர் அங்குலம்கூடக் குறையவில்லை. காதோரம் மட்டும் நரைத்திருந்தது.

"மன்னிச்சுக்கோ. உன் ஆட்டத்தைப் பார்க்க முடியவில்லை" என்றேன். நாங்கள் பேசிக்கொள்வது உடைந்த ஆங்கிலம்தான், தமிழில் எழுதினால் ஒழுங்காகத் தெரியும்.

"நீ எதையும் தவறவிடவில்லை" என்றாள்.

எனக்குப் புரியவில்லை. அவள் ஜாக்கெட்டின் ஜிப்பைக் கொஞ்சம் இறக்கிக் காட்டினாள். உள்ளே பனியன் இஸ்திரி மடிப்பு கலையாமல் இருந்தது. ஒரு துளி வேர்வை இல்லை.

"ஒவ்வொரு செட்டும் இழுபறி. கோச் இரண்டு தடவை என்னைத் திரும்பிப் பார்த்தார். முழங்காலை நம்பி இறக்கித் தோற்றால் கிளப்பே கீழ் வரிசைக்குப் போய்விடும். அவர் இடத்தில் நான் இருந்தாலும் இறக்கியிருக்க மாட்டேன்." பூங்கொத்தைத் தூக்கிக் காட்டினாள். "இதை ஆட்டம் தொடங்கும் முன்பே கொடுத்துவிட்டார்கள். விடைபெறும் பேச்சு, கைதட்டல் எல்லாம் முதலிலேயே முடிந்துவிட்டது. பிறகு மூன்று மணி நேரம் உட்கார்ந்து கைதட்டினேன். ஜெயித்தோம், செல்வி. நான் பந்தைத் தொடவில்லை."

சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். அப்படிச் சிரித்தது அழுததை விட மோசமாக இருந்தது. அவள் கையைப் பிடித்துக்கொண்டேன், பெரிய கை, விரல்களில் ஏழு நாட்டு வெள்ளை டேப் ஒட்டி உரித்த தழும்பு. எங்கள் பின்னால் நின்ற தவம் அண்ணைக்கு ஆங்கிலம் பாதிதான் வரும். ஆனால் எல்லாம் விளங்கியிருந்தது. அவர் என்னிடம் தாழ்ந்த குரலில் கேட்டார்.

"தங்கச்சி, நெற் இன்னும் கழட்டேல்லைத்தானே?"

திரும்பிப் பார்த்தேன். நெட் கட்டியபடி இருந்தது. அதன் கீழே கூடத்தின் பொறுப்பாளர், ஹவுஸ்மைஸ்டர் என்பார்கள், சாவிக்கொத்தோடு நின்று கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். மீசை வைத்த உயரமான மனிதர். அண்ணை நேராக அவரிடம் போய் ஜெர்மனில் பேசினார். அவர் தலையை ஆட்டினார். அண்ணை மறுபடி பேசினார், துன்யாவைக் காட்டினார், பூங்கொத்தைக் காட்டினார், தன்னையே காட்டினார். அந்த மனிதர் சுவரில் இருந்த கடிகாரத்தைக் காட்டி ஏதோ நீளமாகச் சொன்னார்.

"என்ன சொல்றார்?"

"கூடம் பூட்டுற நேரமாம். விதி எண்டால் விதியாம்." அண்ணை ஷூவைக் கழற்றி ஓரமாக வைத்தார். "ஒரு பந்துக்கு விடுறாராம்."

துன்யா எங்கள் மூன்று பேரையும் மாறி மாறிப் பார்த்தாள். பூங்கொத்தைப் பெஞ்சில் வைத்தாள். ஜாக்கெட்டைக் கழற்றினாள். கூடையிலிருந்து ஒரு பந்தை எடுத்து ஹவுஸ்மைஸ்டரிடம் கொடுத்தாள். அவர் சாவிக்கொத்தைக் கால்சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டு, நெட்டுக்கு அந்தப் பக்கம் போய் நின்றார்.

நான் சேலை கட்டியிருந்தேன். முந்தானையை இழுத்து இடுப்பில் செருகினேன். நெட் ஓரம் என் இடத்துக்குப் போய் நின்றேன். பின்னால் அண்ணை சாக்ஸ் காலோடு முழங்காலை மடக்கி நின்றார், இடது பக்கம் துன்யா.

ஹவுஸ்மைஸ்டர் இரண்டு கையாலும் பந்தை நெட்டுக்கு மேலே வீசினார். அண்ணை "என்ர பந்து!" என்று கத்திக்கொண்டு முன்னால் பாய்ந்தார். முப்பது வருஷமாகப் பந்து தொடாத கை. பந்து அவர் மணிக்கட்டில் பட்டு, உயரமாக, என்னை நோக்கி, நான் நகரவே தேவையில்லாதபடி வந்தது. நான் கையைத் தூக்கினேன். விரல் பத்தும் பந்தைத் தொட்டன. அந்த ஒரு கணத்தில் எனக்குத் தெரிந்தது, இதுதான் என் கடைசிப் பந்து என்று. அதனால் அவசரப்படாமல் தூக்கிக் கொடுத்தேன்.

துன்யா மூன்று எட்டு ஓடி எழும்பினாள். எழும்பக் கூடாத காலோடுதான் எழும்பினாள். அடித்த சத்தம் காலிக் கூடம் முழுக்கக் கேட்டது. ஹவுஸ்மைஸ்டர் தலையைக் குனிந்துகொண்டார். பந்து தரையில் மோதிப் பின் சுவர் வரை போய் உருண்டது.

அவள் காலை ஊன்றி நின்று கோட்டைப் பார்த்தாள். நானும் பார்த்தேன்.

"உள்ளுக்க" என்றார் அண்ணை.

ஹவுஸ்மைஸ்டர் பந்து விழுந்த இடத்துக்கு நடந்து போனார். இடுப்பில் கை வைத்துக் குனிந்து கோட்டையே பார்த்தார். வெகுநேரம் பார்த்தார். பிறகு நிமிர்ந்து, எங்கள் பக்கம் திரும்பி, நடுவர்கள் செய்வது போல இரண்டு கைகளையும் நீட்டித் தரையைக் காட்டினார். பந்து உள்ளே. பாயிண்ட் எங்களுக்கு.

துன்யா இரண்டு கையையும் உயர்த்திக் கத்தினாள். ஓடி வந்து என்னைத் தூக்கிவிட்டாள், அண்ணையின் கையில் அறைந்தாள், நெட்டுக்குக் கீழே குனிந்து போய் அந்த மீசைக்காரரையும் கட்டிக்கொண்டாள். நாலு பேரும் நடுக் கூடத்தில் தோளில் கை போட்டு வட்டமாக நின்றோம். துன்யா இப்போது அழுதாள், நானும் அழுதேன்.

பந்து கோட்டுக்கு வெளியே ஒரு சாண் தள்ளித்தான் விழுந்தது. நாலு பேரும் பார்த்தோம்.